வளரும் சந்தையில் விழுந்தவர்கள்: இந்திய டிவி வியாபாரம் எமக்குச் சொல்வது என்ன?

"வளருகின்ற சந்தையில் இறங்கினால் நஷ்டம் வராது" என்ற நம்பிக்கை எமது வியாபாரிகள் மத்தியில் வேரூன்றியிருக்கிறது. எல்லோரும் வாங்குகிறார்கள், நாளுக்கு நாள் கேள்வி கூடுகிறது, எனவே நாமும் கொஞ்சம் சரக்கைப் போட்டு வைத்தால் எப்படியும் விற்றுவிடும் என்பதுதான் இந்த நம்பிக்கையின் சாரம். கையடக்கத் தொலைபேசி, முச்சக்கர வண்டி, சூரிய மின்கலம் என்று ஒவ்வொரு காலத்திலும் ஒவ்வொரு பொருளைச் சுற்றி இந்தப் பேச்சு எழுகின்றது. நம்பி இறங்கியவர்களில் சிலர் உயர்ந்தார்கள். பலர் கடனாளியானார்கள். உயர்ந்தவரின் கதை ஊரெல்லாம் பேசப்படுகிறது. கடனாளியானவரின் கதை அவர் வீட்டுச் சுவருக்குள்ளேயே அடங்கிவிடுகிறது.

இந்த நம்பிக்கை எவ்வளவு தூரம் சரியானது என்பதை அளந்து பார்க்க, அயல்நாடான இந்தியாவில் தட்டைத் திரை டிவி விற்பனை பெருகிய கதை மிகப் பொருத்தமானது. அங்கு சந்தை வளர்ந்தது என்பதில் எவருக்கும் சந்தேகமில்லை. ஆனால் அந்த வளர்ச்சிக்குள்தான் நாடறிந்த கம்பனிகள் காணாமற் போயின. வெளியிலிருந்து வந்தவர்கள் சிலர் கொடிகட்டிப் பறந்தார்கள், சிலர் சில வருடங்களிலேயே பெட்டியைக் கட்டிக்கொண்டு திரும்பினார்கள். சந்தை வளர்கிறதா என்ற கேள்வியை விட, அந்த வளர்ச்சி யாருடைய பைக்குள் போகிறது என்ற கேள்விதான் முக்கியமானது என்பது எனது கருத்து.

எவ்வளவு பெரிய சந்தை?

இந்தியாவில் வர்ண ஒளிபரப்பு ஆரம்பமானது 1982இல். அந்த வருடம் டில்லியில் நடந்த ஆசிய விளையாட்டுப் போட்டிதான் அதற்குத் தூண்டுகோல். 1991இல் பொருளாதாரக் கதவுகள் திறக்கப்பட்டன. அதே காலத்தில் செய்மதி அலைவரிசைகளும் தெருத்தெருவாகக் கேபிள் கம்பிகளும் வந்தன. 2001ஆம் ஆண்டுக் குடிசனக் கணக்கெடுப்பில் நூற்றுக்கு 31.6 வீடுகளில் டிவி இருந்தது. 2011இல் அது 47.2 ஆக உயர்ந்தது.

இந்தச் சராசரிக்குள் ஒரு பெரிய வேறுபாடு ஒளிந்திருந்தது. அதே 2011 கணக்கெடுப்பில் தமிழ்நாட்டில் நூற்றுக்கு ஏறத்தாழ 87 வீடுகளில் டிவி இருந்தபோது, பீகாரில் 15 வீடுகளில் கூட இருக்கவில்லை. ஒரே நாடு, ஒரே நாணயம். ஆனால் ஒரு மாநிலத்தில் வியாபாரி இரண்டாவது டிவியை விற்க வேண்டும், இன்னொரு மாநிலத்தில் முதலாவது டிவியை விற்க வேண்டும். முதலாவது டிவி வாங்குபவர் விலையையும் மின்சாரத்தையும் பற்றிக் கேட்பார். இரண்டாவது டிவி வாங்குபவர் திரையின் அளவையும் படத்தின் தெளிவையும் பற்றிக் கேட்பார். இருவருக்கும் ஒரே பேச்சைப் பேசி விற்க முடியாது.

தமிழ்நாட்டில் இன்னொரு விசித்திரமும் நடந்தது. 2006 தேர்தலில் வென்ற தி.மு.க. அரசு ஏழைக் குடும்பங்களுக்கு இலவசமாக 14 அங்குல வர்ண டிவி வழங்கும் திட்டத்தை ஆரம்பித்தது. ஒரு கோடிக்கும் அதிகமான பெட்டிகள் வழங்கப்பட்டன. இலவசமாகக் கிடைத்தால் கடைக்கு யார் வருவார்கள் என்று யாரும் நினைக்கலாம். ஆனால் அதற்குப் பின்னரும் அங்கு காட்சியறைகள் மூடப்படவில்லை, பெருகின. டிவி இல்லாத வீட்டுக்குப் பெரிய டிவியை விற்பது கடினம். சிறிய டிவி இருக்கும் வீட்டுக்குப் பெரிய டிவியை விற்பது இலகு. பார்க்கும் பழக்கம் வந்த பிறகுதான் நல்லதாகப் பார்க்க வேண்டும் என்ற ஆசை வருகிறது.

கொரியர்கள் செய்த வேலை

தொண்ணூறுகளின் நடுப்பகுதியில் இந்திய டிவி சந்தை விடியோகோன், பிபிஎல், ஒனிடா போன்ற உள்நாட்டுப் பெயர்களின் கையில் இருந்தது. கொம்பும் வாலும் வைத்த பிசாசு வரும் ஒனிடா விளம்பரத்தை எம்மில் வயதானவர்கள் இந்தியச் சஞ்சிகைகளில் பார்த்திருப்பீர்கள். அந்த வேளையில் 1995இல் சம்சுங் வந்தது. உள்ளூர்ப் பங்காளிகளுடன் சேர்ந்து வர முயன்று சரிவராமற் போன எல்ஜி, 1997இல் தனியாகவே இறங்கியது. அன்று ஜப்பானியப் பெயர்களுக்கு இருந்த மதிப்பு இந்தக் கொரியப் பெயர்களுக்கு அங்கு இருக்கவில்லை.

அவர்கள் முதலில் செய்தது என்ன? தொழிற்சாலையை அங்கேயே கட்டினார்கள். எல்ஜி டில்லிக்கு அருகே கிரேட்டர் நொய்டாவிலும் பின்னர் பூனாவுக்கு அருகிலும் உற்பத்தியை ஆரம்பித்தது. சம்சுங் நொய்டாவிலும், 2007இல் சென்னைக்கு அருகே ஸ்ரீபெரும்புதூரிலும் தொழிற்சாலை திறந்தது. கிராமப்புறத்துக்கென்று "சம்பூர்ணா" என்ற பெயரில் விலை குறைந்த டிவியை எல்ஜி தயாரித்தது. திரையில் தோன்றும் கட்டளைகளைப் பிரதேச மொழிகளில் போட்டார்கள். ஆங்கிலம் தெரியாத தாய்மாரும் பெட்டியை இயக்கக்கூடியதாக இருந்தது. கிரிக்கெட் மீது அந்த மக்களுக்கு இருந்த பைத்தியத்தைப் புரிந்துகொண்டு விளம்பரத்தில் பணத்தைக் கொட்டினார்கள். மின்னழுத்தம் ஏறி இறங்கும் ஊர்களுக்கு ஏற்பப் பெட்டியின் உள்ளமைப்பை மாற்றினார்கள். இந்திய வாடிக்கையாளர் சத்தத்தைக் கூடுதலாக விரும்புகிறார் என்று கண்டு, மெல்லிய தட்டைத் திரை டிவியிலும் கனதியான ஒலிபெருக்கியைப் பொருத்திக் கொடுத்தார்கள்.

இவை எல்லாவற்றையும் விட முக்கியமானது, சிறு நகரங்கள் வரை கிளைகளையும் திருத்தும் நிலையங்களையும் கொண்டு சென்றது. பெட்டி பழுதானால் எங்கே போவது என்ற பயம் வாடிக்கையாளருக்கு இல்லாமற் போனது. பெயர் தெரியாத கம்பனி ஒன்று பெயர் பெற்றது இப்படித்தான்.

உலகளவில் 2006இல் "போர்டோ" என்ற எல்சிடி டிவியைக் கொண்டு சம்சுங் முதலிடத்துக்கு வந்தது. இந்தியாவில் தட்டைத் திரை டிவி பெருவாரியாக விற்கத் தொடங்கியபோது சம்சுங்கின் கடை வலையமைப்பும், திருத்துநர்களும், முகவர்களும் தயாராக இருந்தார்கள். பழைய டிவியை விற்ற காலத்தில் போட்ட அடித்தளத்தின் மேல்தான் புதிய டிவியை விற்றார்கள். 2011 பெப்ரவரி முதல் ஏப்ரல் வரை உலகக் கிண்ணக் கிரிக்கெட் எமது மூன்று நாடுகளில் நடந்தது. மும்பாயில் நடந்த இறுதிப் போட்டியின் முடிவை நாம் இன்னும் மறக்கவில்லை. அப்படி ஒரு போட்டி வரும்போது சரக்கைச் சரியான நேரத்தில் சரியான ஊருக்குக் கொண்டு சேர்க்க, பல வருடங்கள் கட்டியெழுப்பிய வலையமைப்பு வேண்டும். போட்டி ஆரம்பித்த பிறகு அதைக் கட்ட முடியாது.

2025 ஒக்டோபரில் எல்ஜி தனது இந்தியக் கம்பனியின் பங்குகளில் நூற்றுக்கு 15ஐ மும்பாய்ப் பங்குச் சந்தையில் விற்று 11,607 கோடி இந்திய ரூபாயைத் திரட்டியது. அந்தப் பணம் முழுவதும் கொரியத் தாய்க் கம்பனிக்கே சென்றது. இந்தியக் கிளையின் சந்தைப் பெறுமதி தாய்க் கம்பனியின் பெறுமதியையே தாண்டியது. 28 வருட உழைப்பின் விலை அது. குளிர்சாதனப் பெட்டியும் சலவை இயந்திரமும் இதில் சேர்த்திதான் என்றாலும், டிவிதான் அவர்களை ஒவ்வொரு வீட்டுக்கும் அறிமுகப்படுத்தியது.

விடியோகோனுக்கு நடந்தது

இனி மறுபக்கத்தைப் பார்ப்போம். 2005இல் இந்தியாவின் விடியோகோன், பிரான்சின் தொம்சன் கம்பனியிடமிருந்து வர்ணப் படக்குழாய்த் தொழிலை ஏறத்தாழ 240 மில்லியன் யூரோவுக்கு வாங்கியது. போலந்து, இத்தாலி, மெக்சிகோ, சீனா ஆகிய நாடுகளிலிருந்த தொழிற்சாலைகள் அதன் கைக்கு வந்தன. ஓர் ஆசியக் கம்பனி ஐரோப்பியத் தொழிற்சாலைகளை வாங்குகிறது என்று எல்லோரும் பெருமைப்பட்ட காலம் அது.

ஆனால் தொம்சன் ஏன் விற்றது? ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் வாடிக்கையாளர் படக்குழாய் டிவியைக் கைவிட்டுத் தட்டைத் திரைக்கு மாறிக்கொண்டிருந்தார். இந்தியா போன்ற நாடுகளில் குழாய் டிவி இன்னும் பல வருடம் ஓடும் என்ற கணக்கில்தான் விடியோகோன் வாங்கியது. அந்தக் கணக்கு முற்றிலும் பிழையானதல்ல. இந்தியாவில் குழாய் டிவி மேலும் சில வருடங்கள் விற்கத்தான் செய்தது. ஆனால் தட்டைத் திரையின் விலை எதிர்பார்த்ததை விட வேகமாக விழுந்தது. விலை விழ விழக் குழாய் டிவிக்கான இடமும் சுருங்கியது. இத்தாலியத் தொழிற்சாலை வங்குரோத்தானது. விடியோகோன் தொலைத்தொடர்பு, எண்ணெய் என்று பல துறைகளில் கடன் வாங்கிக் கால் வைத்திருந்தது. 2012இல் இந்திய உயர் நீதிமன்றம் இரத்துச் செய்த அலைக்கற்றை உரிமங்களில் அதன் உரிமங்களும் அடங்கின. இறுதியில் 2018 ஜூனில் வங்குரோத்து விசாரணைக்கு அந்தக் கம்பனி கொண்டுவரப்பட்டது.

அதே 2018இல் "தொம்சன்" என்ற பெயர் பொறித்த தட்டைத் திரை டிவிகள் இந்தியாவில் இணைய விற்பனைக்கு வந்தன. அவற்றைத் தயாரித்தது பெயரை மட்டும் வாடகைக்கு எடுத்த ஓர் இந்தியக் கம்பனி. ஒருவர் கோடிக்கணக்கில் கொடுத்துத் தொழிற்சாலைகளை வாங்கி விழுந்தார், இன்னொருவர் பெயரை மட்டும் வாங்கிப் பிழைத்தார். டிவி வியாபாரத்தில் எதற்குப் பெறுமதி இருக்கிறது, எதற்கு இல்லை என்பதை இதைவிடத் தெளிவாக யாரும் சொல்ல முடியாது.

பெரிய கம்பனிகளுக்குத்தான் இந்த நிலைமை என்று நினைக்க வேண்டாம். பிளாஸ்மா டிவி வந்த காலத்தில் அதுதான் எதிர்காலம் என்று சொல்லி விற்றார்கள். 2013இல் பனசொனிக் அதன் உற்பத்தியை நிறுத்தியது. அடுத்த வருடம் சம்சுங்கும் எல்ஜியும் நிறுத்தின. கடையில் பிளாஸ்மாச் சரக்கை அடுக்கி வைத்திருந்த சிறு வியாபாரிக்கு எந்தக் கம்பனி நட்டஈடு கொடுத்தது?

சட்டம் மாறினால் கணக்கும் மாறும்

வெளிநாட்டுச் சந்தையில் சுங்கத் தீர்வை என்பது வாடிக்கையாளரைப் போலவே முக்கியமானது. 2004இல் இந்தியாவும் தாய்லாந்தும் செய்த வர்த்தக உடன்பாட்டின் கீழ் டிவிக்கான தீர்வை குறைந்தது. முழு டிவியைத் தாய்லாந்திலிருந்து கொண்டுவருவது, உதிரிப்பாகத்தைக் கொண்டுவந்து இந்தியாவில் பொருத்துவதை விட மலிவாகிவிட்டது. சொனி தனது அரியானாத் தொழிற்சாலையில் டிவி உற்பத்தியை நிறுத்தி இறக்குமதிக்கு மாறியது. பின்னர் 2015இல்தான் தமிழ்நாட்டில் பொக்ஸ்கொன் மூலம் அங்கு மீண்டும் தயாரிக்கத் தொடங்கியது.

2017 டிசம்பரில் இந்தியா டிவிக்கான இறக்குமதித் தீர்வையை நூற்றுக்கு 20 ஆக உயர்த்தியது. உள்நாட்டு உற்பத்தியை வளர்ப்பதே நோக்கம். ஆனால் டிவியின் இதயமான திரைப் பலகைக்கும் தீர்வை விதித்தார்கள். ஒரு டிவியின் செலவில் பாதிக்கும் மேற்பட்டது அந்தப் பலகைதான். அதை இந்தியாவில் எவரும் தயாரிக்கவில்லை. விளைவு என்ன? 2018இல் சம்சுங் ஸ்ரீபெரும்புதூரில் டிவி தயாரிப்பதை நிறுத்திவிட்டு, ஆசியான் உடன்பாட்டின் கீழ் தீர்வையின்றி வியட்நாமிலிருந்து கொண்டுவந்தது. உள்நாட்டு உற்பத்தியை வளர்க்கப் போட்ட தீர்வையே உள்நாட்டுத் தொழிற்சாலையை நிறுத்திவிட்டது. 2019 செப்டெம்பரில் பலகைக்கான தீர்வையை நீக்கினார்கள். 2020 ஜூலையில் டிவி இறக்குமதிக்கு உரிமம் வேண்டும் என்று கட்டுப்பாடு போட்டார்கள். அதே வருடம் ஒக்டோபரில் பலகைக்கு மீண்டும் தீர்வை வந்தது. மூன்று வருடத்துக்குள் இத்தனை மாற்றங்கள். நீண்ட காலத் திட்டம் போட்ட கம்பனியின் நிலைமையை நினைத்துப் பாருங்கள்.

இன்னொரு விடயம் எமது வாசகர்களுக்கு நன்றாக விளங்கும். வளைகுடாவிலிருந்து விடுமுறையில் வரும் பிள்ளை தட்டைத் திரை டிவியோடு வந்திறங்குவது இங்கும் அங்கும் ஒன்றுதான். டுபாய், பெங்கொக், சிங்கப்பூர் ஆகிய இடங்களிலிருந்து பயணிகள் கொண்டுவரும் டிவிகள் பெருகியதால், 2013 ஓகஸ்ட் 26 முதல் பயணப் பொதியில் வரும் தட்டைத் திரை டிவிக்கு இந்தியா தீர்வை விலக்கை நீக்கியது. மேலதிக வரியும் சேர்ந்து நூற்றுக்கு 36.05 வீதம் கட்ட வேண்டியதாயிற்று. விமான நிலையத்தில் எழுதிய ஒரு கட்டளை, சென்னையிலும் கோழிக்கோட்டிலும் இருந்த காட்சியறைகளுக்கு வாடிக்கையாளரைத் திருப்பிவிட்டது.

பெறுமதி கூட்டிய வரியிலும் இதே கதைதான். 2017 ஜூலையில் ஜிஎஸ்டி வந்தபோது டிவிக்கு நூற்றுக்கு 28 வரி. 2019 ஜனவரி முதல் 32 அங்குலம் வரைக்கும் 18 ஆனது. பெரிய திரைக்கு 28 தொடர்ந்தது. 2025 செப்டெம்பர் 22 முதல்தான் பெரிய திரைக்கும் 18 ஆனது. வரி குறையப் போகிறது என்ற செய்தி வந்த நாள் முதல் அமுலான நாள் வரை எந்த வாடிக்கையாளர் பெரிய டிவி வாங்குவார்? அந்த இடைவெளியில் கடை வாடகையும் சம்பளமும் நிற்பதில்லை.

பூச்சிய வட்டி என்னும் மாயை

தமிழ்நாட்டில் டிவி வியாபாரம் வளர்ந்ததற்குத் தவணை முறை ஒரு பெரிய காரணம். வீ.ஜீ.பி. நிறுவனம் தவணைக் கொடுப்பனவுக்குப் பெயர் பெற்றது. அங்கு விற்பனையாளராக வேலை பார்த்த எச். வசந்தகுமார் 1978இல் சொந்தமாகக் கடை ஆரம்பித்து, வசந்த் அன் கோ என்ற பெயரில் மாநிலம் முழுவதும் காட்சியறைகளைத் திறந்தார். பின்னாளில் நாடாளுமன்ற உறுப்பினராகவும் ஆனார். 2020இல் காலமானார். மாதச் சம்பளக்காரரிடம் முழுப் பணம் இருக்காது, ஆனால் மாதாமாதம் கொடுக்கும் நாணயம் இருக்கும் என்பதை அறிந்து செய்த வியாபாரம் அது.

தட்டைத் திரை வந்தபோது இது "பூச்சிய வட்டித் தவணை" என்ற புதிய உருவம் எடுத்தது. 2013 செப்டெம்பரில் இந்திய மத்திய வங்கி இதில் தலையிட்டது. பூச்சிய வட்டி என்று ஒன்று கிடையாது, வட்டியை வேறு பெயரில் மறைக்கிறார்கள் என்ற கருத்தை அது வங்கிகளுக்கு எழுத்திலேயே தெரிவித்தது. உண்மையும் அதுதான். கடன் கொடுப்பவருக்குரிய தொகையைக் கம்பனியோ கடைக்காரரோ கொடுக்கிறார், அல்லது "செயலாக்கக் கட்டணம்" என்ற பெயரில் வாடிக்கையாளரே கொடுக்கிறார், அல்லது ரொக்கத்துக்குக் கிடைக்க வேண்டிய விலைக்கழிவை அவர் இழக்கிறார். வங்கிக்குத் தடை வந்த பின்னர் நிதிக் கம்பனிகள் வேறு பெயரில் அதையே தொடர்ந்தன.

வட்டியைத் தவிர்க்க விரும்பும் எமது சமூகத்து வியாபாரிகளும் வாடிக்கையாளர்களும் இதைக் கவனிக்க வேண்டும். "வட்டியில்லை" என்று எழுதிய பலகையைப் பார்த்து நம்பிவிடாமல், ரொக்க விலை என்ன, தவணை விலை என்ன, கட்டணம் என்ன என்று மூன்றையும் கேட்டு எழுத்தில் வாங்க வேண்டும். வியாபாரியும் அதை மறைக்காமல் எழுத வேண்டும். விலையைத் தெளிவாகச் சொல்லும் கடைக்கு வாடிக்கையாளர் திரும்ப வருவார்.

சீனர்களின் வருகையும் கடைக்காரரின் கவலையும்

2016 செப்டெம்பரில் ஜியோ வந்து இணையத்தை மலிவாக்கியது. கேபிள் இல்லாமலே டிவி பார்க்கலாம் என்ற நிலை மெல்ல மெல்ல உருவானது. 2018 பெப்ரவரியில் சீனாவின் ஷியோமி 55 அங்குல ஸ்மார்ட் டிவியை 39,999 இந்திய ரூபாய்க்கு அறிமுகப்படுத்தியது. அடுத்த மாதம் 32 அங்குல டிவியை 13,999 ரூபாய்க்குக் கொடுத்தது. பெயர்பெற்ற கம்பனிகளின் விலைக்கும் இதற்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வித்தியாசம். விற்பனை பெரும்பாலும் ஒன்லைனில். குறுகிய காலத்தில் ஸ்மார்ட் டிவியில் முதலிடத்தைப் பிடித்தது.

இதைப் பார்த்து ஏனைய கைத்தொலைபேசிக் கம்பனிகளும் இறங்கின. வன்பிளஸ் வந்தது, ரியல்மீ வந்தது. 2023இல் இரண்டும் இந்திய டிவி சந்தையை விட்டு விலகின. ஷியோமியும் தனது முதலிடத்தைத் தக்கவைக்கவில்லை. கொரியர்கள் மீண்டும் முன்னுக்கு வந்தார்கள். காரணம் விளங்காததல்ல. வாடிக்கையாளர் மலிவான சிறிய திரையிலிருந்து 55, 65 அங்குலத்துக்கு மாறும்போது, திருத்தும் வசதியையும் பெயரையும் பார்க்கிறார். தட்டைத் திரையில் பலகை உடைந்தாலோ பழுதானாலோ அதை மாற்றும் செலவு புதிய டிவியின் விலைக்குக் கிட்டத்தட்ட வந்துவிடும். பழைய குழாய் டிவியைப் போலச் சந்தியிலுள்ள திருத்துநர் ஈயம் வைத்துச் சரிசெய்ய முடியாது. எனவே உத்தரவாதம் என்ற ஒரு துண்டுக் கடதாசிக்குப் பெறுமதி கூடிவிட்டது.

இந்தப் போட்டியில் மிகவும் அடிபட்டவர் சிறு கடைக்காரர். கம்பனி அவருக்குக் கொடுக்கும் விலையை விடக் குறைவாக இணையத்தில் விற்கிறார்கள் என்பது அங்குள்ள வர்த்தகர் சங்கங்களின் நீண்ட நாள் முறைப்பாடு. 2018 டிசம்பரில் இந்திய அரசு வெளிநாட்டு முதலீட்டில் நடக்கும் இணையச் சந்தைகளுக்குப் புதிய விதிகளைக் கொண்டுவந்து, 2019 பெப்ரவரி முதல் அமுல்படுத்தியது. அதனால் போட்டி நின்றுவிடவில்லை.

சிறு கடைக்காரருக்கு இணையத்தை விடப் பெரிய ஆபத்து அவரது களஞ்சியத்திலேயே இருக்கிறது. திரைப் பலகையின் உலக விலை அரிசி, சீனி விலை போல ஏறி இறங்கும். 2020 நடுப்பகுதியிலிருந்து ஒரு வருடம் ஏறியது. 2021 நடுப்பகுதிக்குப் பின்னர் சரிந்தது. ஏறும்போது "இன்னும் ஏறும்" என்று பயந்து சரக்கை அடுக்கியவர், இறங்கும்போது வாங்கிய விலைக்கே விற்க முடியாமல் தவித்தார். டிவி என்பது வைத்திருந்தால் பெறுமதி கூடும் பொருளல்ல, பழம் போல நாளுக்கு நாள் பெறுமதி குறையும் பொருள்.

நான் வியாபாரத்தில் இருந்த காலத்தில், ஒரு விநியோகஸ்தர் வருட முடிவில் இலக்கை எட்டினால் பெருந்தொகைக் கழிவு தருவதாகச் சொல்லிக் கடைக்காரர்களின் தலையில் சரக்கைக் கட்டினார். இரண்டு மாதத்தில் புதிய மாதிரி வந்தது, பழைய மாதிரியின் விலையைக் குறைத்தார்கள். ஏற்கெனவே எடுத்த சரக்குக்கு வித்தியாசத்தைத் தரும்படி கேட்டபோது, "அப்படி எழுத்தில் இல்லையே" என்றார்கள். எழுத்தில் இல்லாதது உண்மைதான். எழுத்தில் கேட்க வேண்டும் என்று கடைக்காரர்களுக்குச் சொல்லிக் கொடுக்க யாரும் இருக்கவில்லை.

எமது வியாபாரிகளுக்கு

என்னிடம் ஆலோசனை கேட்டு வரும் இளைஞர்கள் பலர், சீனாவுக்குப் போய் ஒரு கொள்கலன் டிவி இறக்கினால் எவ்வளவு மிஞ்சும் என்றுதான் முதலில் கேட்கிறார்கள். நான் திருப்பிக் கேட்பது ஒன்றுதான்: "அதில் நூற்றுக்கு ஐந்து பழுதானால் யார் திருத்துவார்?" இதற்குப் பதில் இல்லாதவரிடம் இலாபக் கணக்குப் பேசிப் பயனில்லை.

திருத்தும் நிலையம், உதிரிப்பாகம், திருத்துநர் சம்பளம் எல்லாம் செலவுதானே, சிறு முதலீட்டாளரால் இதை எப்படித் தாங்க முடியும் என்று சிலர் கேட்கலாம். நியாயமான கேள்வி. தனியாகத் தாங்க முடியாது என்பதும் உண்மை. ஆனால் புறக்கோட்டை முதலாம் குறுக்குத் தெருவில் ஒரே வகைச் சரக்கை விற்கும் பத்துக் கடைக்காரர் சேர்ந்தால் ஒரு திருத்தும் நிலையத்தை நடத்தலாம். விலையில் போட்டி போடுபவர்கள் சேவையில் ஒன்றுபடக்கூடாது என்று எந்தச் சட்டமும் இல்லை. ஒருவரையொருவர் விலையால் வெட்டிக்கொள்வதில் நாம் காட்டும் சாமர்த்தியத்தில் பாதியை இதில் காட்டினால் போதும்.

இந்திய அனுபவத்திலிருந்து நான் எடுத்துக்கொள்ளும் பாடங்கள் நான்கு.

ஒன்று, சந்தையைச் சராசரியால் அளக்கக்கூடாது. தமிழ்நாடும் பீகாரும் வேறு என்பது போல, வெள்ளவத்தையும் பொத்துவிலும் வேறு. எந்த ஊருக்கு, எந்த வீட்டுக்கு விற்கிறோம் என்று முதலில் தீர்மானிக்க வேண்டும்.

இரண்டு, ஒருவர் மலிவாக விற்கும் தொழிலை அல்லது சரக்கை வாங்குமுன், அவர் ஏன் விற்கிறார் என்று கேட்க வேண்டும். விடியோகோன் போன்ற பெரிய கம்பனிக்கே அந்தக் கேள்வியின் விலை கோடிக்கணக்கில் ஆனது.

மூன்று, தீர்வையும் வரியும் மாறும் என்று எடுத்துக்கொண்டே கணக்குப் போட வேண்டும். இன்றைய தீர்வையில் மட்டும் இலாபம் வரும் வியாபாரம் வியாபாரமல்ல, சூது. கடன் வாங்கிச் சரக்கு இறக்குபவர் இதை இரண்டு முறை யோசிக்க வேண்டும்.

நான்கு, விநியோகஸ்தருடன் செய்யும் உடன்பாட்டில், விலை குறைந்தால் கையிலுள்ள சரக்குக்கு வித்தியாசம் தருவாரா, பழுதான பலகையை எத்தனை நாளில் மாற்றுவார், உதிரிப்பாகம் எத்தனை வருடம் கிடைக்கும் என்ற மூன்றும் எழுத்தில் இருக்க வேண்டும். நண்பர், உறவினர், ஒரே ஊரவர் என்பதற்காக இதை விட்டுவிடக்கூடாது. எழுத்தில் இருந்தால் உறவும் கெடாது.

இன்று திரைப் பலகை உற்பத்தியில் சீனா முன்னணியில் நிற்கிறது. சம்சுங் எல்சிடி பலகை தயாரிப்பதை 2022இல் விட்டுவிட்டது. எல்ஜியும் சீனாவிலிருந்த தனது பெரிய எல்சிடி ஆலையைச் சீன டிசிஎல் குழுமத்துக்கு விற்றுவிட்டது. பலகையை யார் செய்தாலும், வாடிக்கையாளர் வீட்டுச் சுவரில் அதைப் பொருத்திவிட்டு, மறுவருடம் அவர் தொலைபேசியில் அழைக்கும்போது பதில் சொல்பவர் கடைக்காரர்தான். இந்தியச் சந்தையில் நிலைத்து நின்றவர்கள் அந்த அழைப்புக்குப் பதில் சொன்னவர்கள். இங்கு கொள்கலன் இறக்க நினைக்கும் இளைஞர்களும், முதற் பெட்டியை விற்கு முன்பே அந்த அழைப்புக்கு ஓர் ஆளை வைத்துக்கொள்ள வேண்டும்.